வங்கி உங்கள் புகாரை நிராகரித்துவிட்டதா? அடுத்துத் தட்ட வேண்டிய கதவுகள்

‘உங்கள் கோரிக்கையைப் பரிசீலித்தோம், ஏற்க இயலவில்லை’ என்று வங்கியிலிருந்து ஒரு கடிதம் வருகிறது. இரண்டு பக்கம், முழுக்க ஆங்கிலம். வீட்டில் படிக்கத் தெரிந்த பிள்ளை படித்துச் சொல்கிறது. ‘சரி, பேங்க்காரனே முடியாதுன்னு சொல்லிட்டான், இனிமே என்ன செய்யறது’ என்று கடிதத்தை அலமாரியில் வைத்துவிடுகிறோம். நம்மவர்கள் பலரின் வழக்கு அந்த அலமாரியிலேயே முடிந்துபோகிறது.

உண்மையில் அந்தக் கடிதம் வந்த பிறகுதான் வெளியில் உள்ள கதவுகள் திறக்கின்றன. வங்கியிடம் முதலில் புகார் கொடுத்து அதன் பதிலைப் பெறாமல் போனால், ‘முதலில் வங்கிக்குப் போய் வாருங்கள்’ என்று எல்லா இடத்திலும் திருப்பி அனுப்பிவிடுவார்கள். ஆகவே நிராகரிப்புக் கடிதத்தை ஒரு நுழைவுச் சீட்டு என்றே எடுத்துக்கொள்ளலாம். அந்தச் சீட்டுக்கு ஒரு காலாவதித் தேதி உண்டு என்பதுதான் பலருக்குத் தெரியாத விஷயம்.

கடிதம் கையில் இருக்கிறதா?

கிளை மேலாளர் மேசைக்கு எதிரே உட்கார வைத்து, தேநீர் கொடுத்து, ‘ஒன்றும் செய்ய முடியாது அங்கிள்’ என்று வாயால் சொல்வது வங்கியின் முடிவாகாது. தொலைபேசியில் வாடிக்கையாளர் சேவை ஊழியர் சொல்வதும் அப்படித்தான். வங்கியின் புகார்ப் பிரிவிடமிருந்து இறுதி முடிவு எழுத்தில் வர வேண்டும். மின்னஞ்சலாக வந்தாலும் போதும். ஆனால் தேதியும் புகார் எண்ணும் நிராகரித்ததற்கான காரணமும் அதில் இருக்க வேண்டும்.

எழுத்தில் தர மறுக்கிறார்களா? நீங்களே எழுதிவிடுங்கள். ‘இன்ன தேதியில், இன்ன கிளையில், என் புகார் ஏற்கப்படாது என்று சொல்லப்பட்டது. இறுதி முடிவையும் காரணத்தையும் எழுத்தில் தரும்படி கேட்டுக்கொள்கிறேன்’ என்று மலாயிலோ ஆங்கிலத்திலோ நான்கு வரி எழுதி, வங்கித் தலைமையகத்தின் புகார்ப் பிரிவுக்கு மின்னஞ்சல் அனுப்புங்கள். கிளையில் நேரில் கொடுத்தால் நகலில் முத்திரையும் தேதியும் கேட்டு வாங்குங்கள். புகார் கொடுத்து 60 நாள் ஆகியும் பதிலே இல்லையென்றால், அந்த மௌனத்தையே காரணமாகக் காட்டி அடுத்த படிக்குப் போகலாம்.

கடிதம் வந்துவிட்டது என்றால் அதன் கடைசிப் பத்தியைப் படியுங்கள். இந்த முடிவில் திருப்தி இல்லையென்றால் எங்கே போகலாம் என்று பெரும்பாலும் அங்கே ஒரு வரி இருக்கும். பிறகு கடிதத்தின் தேதியை நாட்காட்டியில் குறித்து, அதிலிருந்து ஆறு மாதம் எண்ணுங்கள். இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு தேதியை நினைவில் வைத்துக்கொள்வதாக இருந்தால் அந்த ஆறு மாதத்தை வைத்துக்கொள்ளுங்கள். எதற்கு என்று பிறகு வருகிறது.

எந்தக் காரணத்தால் மறுத்தார்கள்?

இப்போது வரும் புகார்களில் கணிசமானவை இணைய வங்கி மோசடி. வங்கி சொல்லும் பதிலும் ஏறக்குறைய ஒன்றுதான்: ‘பரிவர்த்தனை உங்கள் பயனர் பெயர், கடவுச்சொல், டேக் எண் மூலமாக நடந்தது. எங்கள் அமைப்பில் கோளாறு இல்லை. ஆகவே வங்கி பொறுப்பல்ல.’ படிக்கும்போது இதற்கு மேல் பேச எதுவும் இல்லை என்று தோன்றும். ஆனால் பேசுவதற்கு நிறைய இருக்கிறது.

2022 செப்டம்பரில் பேங்க் நெகாரா மலேசியா எல்லா வங்கிகளுக்கும் ஐந்து பாதுகாப்பு நடவடிக்கைகளை அறிவித்தது. குறுஞ்செய்தியில் வரும் டேக் எண்ணைக் கைவிட்டுப் பாதுகாப்பான முறைக்கு மாறுவது, மோசடிப் பரிவர்த்தனைகளைக் கண்டுபிடிக்கும் விதிகளை இறுக்குவது, இணைய வங்கிச் சேவையையோ புதிய கைப்பேசியையோ முதன்முறை பதிவு செய்யும்போது ஒரு காத்திருப்பு நேரம் வைப்பது, பரிவர்த்தனையை உறுதிப்படுத்த ஒரே ஒரு கைப்பேசியை மட்டும் அனுமதிப்பது, மோசடிப் புகாருக்கென்றே தனித் தொலைபேசி எண் வைப்பது. இந்த ஐந்தும் வங்கி செய்ய வேண்டியவை. ‘நீங்கள் டேக் எண்ணைக் கொடுத்தீர்கள்’ என்று வங்கி சொன்னால், ‘நீங்கள் இந்த ஐந்தையும் செய்தீர்களா’ என்று திருப்பிக் கேட்க உங்களுக்கு இடம் இருக்கிறது.

ஓர் உதாரணம். தோட்டத்தில் வேலை செய்து ஓய்வுபெற்ற ஒருவர், சேமநிதிப் பணத்தை வங்கியில் வைத்திருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். சனிக்கிழமை இரவு 9 மணிக்கு வாட்ஸ்அப்பில் வந்த ஓர் இணைப்பைத் தொட்டு, ஏதோ ஒரு செயலியை இறக்கிவிடுகிறார். 9.10க்கு அவர் கணக்கில் ஒரு புதிய கைப்பேசி பதிவாகிறது. 9.15க்கு ஒரு நாளைக்கான பணமாற்று வரம்பு 3,000 ரிங்கிட்டிலிருந்து 10,000 ரிங்கிட்டாக உயர்த்தப்படுகிறது. 9.20க்குள் இரண்டு முறை பணம் போகிறது. 9.40க்கு அவர் மகள் வங்கியின் அவசர எண்ணுக்கு அழைக்கிறார், வெகுநேரம் காத்திருக்கிறார். 10.05க்கு மூன்றாவது முறை பணம் போகிறது.

வங்கி இதை ஒரே சம்பவமாக எடுத்து ‘வாடிக்கையாளர் கவனக்குறைவு’ என்று முடித்துவிடும். நீங்கள் அப்படி எடுக்கக் கூடாது. நேரவாரியாகப் பிரித்து எழுத வேண்டும். 9.10க்குப் பதிவான புதிய கைப்பேசிக்குக் காத்திருப்பு நேரம் ஏன் பொருந்தவில்லை? பல வருடமாக ஆயிரம் ரிங்கிட்டுக்கு மேல் மாற்றாத ஒரு முதியவர் கணக்கில் வரம்பு திடீரென உயர்ந்தபோது எச்சரிக்கை போனதா, எந்த எண்ணுக்குப் போனது? எல்லாவற்றுக்கும் மேலாக, அழைப்பு வந்து இருபத்தைந்து நிமிடத்துக்குப் பிறகு போன மூன்றாவது தொகைக்கு யார் பொறுப்பு? முதல் இரண்டில் வாதம் இருபக்கமும் இழுக்கும். மூன்றாவதில் உங்கள் பக்கம் கனமானது. மூன்றையும் ஒன்றாகக் கட்டிக் கேட்டால் கனமானதும் சேர்ந்து விழுந்துவிடக்கூடும். ஆகவே ஒவ்வொரு தொகையையும் தனித்தனியாகக் கேளுங்கள்.

இதற்கு ஆதாரம் வேண்டும். கைப்பேசியில் அழைப்புப் பட்டியலைப் படம் பிடித்து வையுங்கள். தொலைத்தொடர்பு நிறுவனத்தின் விவரமான பில்லை எடுத்து வையுங்கள். குறுஞ்செய்திகளை அழிக்காதீர்கள். வங்கியிடம் உள்ள பதிவுகளையும் கேட்கலாம். 2010ஆம் ஆண்டின் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தின்படி உங்களைப் பற்றி ஒரு நிறுவனம் வைத்திருக்கும் தரவைப் பார்க்க உங்களுக்கு உரிமை உண்டு. எழுத்தில் கேட்டால் 21 நாளுக்குள் பதில் தர வேண்டும் என்கிறது சட்டம். கைப்பேசிப் பதிவு நேரம், எச்சரிக்கை போன எண், நீங்கள் அழைத்த உரையாடலின் ஒலிப்பதிவு என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். ‘எல்லா விவரமும் தாருங்கள்’ என்றால் மூன்று மாத வரவு செலவு அறிக்கையைக் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். தரமாட்டோம் என்று எழுதினாலும் நல்லதுதான், அந்தப் பதிலும் கோப்பில் சேரட்டும்.

கடன் அட்டை தொலைந்தோ திருடுபோயோ அதில் யாரோ செலவு செய்திருந்தால் நிலைமை இன்னும் தெளிவு. நீங்கள் மோசடி செய்யவில்லை, தெரிந்தவுடன் தாமதிக்காமல் வங்கிக்குச் சொன்னீர்கள் என்றால் உங்கள் பொறுப்பு 250 ரிங்கிட்டுக்கு மேல் போகாது என்பது பேங்க் நெகாராவின் விதி. இரகசிய எண்ணை அட்டையின் பின்னாலேயே எழுதி வைத்திருந்தால் இந்தப் பாதுகாப்பைக் கேட்பது சிரமம். தோட்டப்புறத்தில் பக்கத்து வீட்டுத் தம்பியிடம் அட்டையையும் எண்ணையும் கொடுத்து ‘கொஞ்சம் எடுத்துட்டு வாப்பா’ என்று அனுப்பும் பழக்கம் இன்னும் இருக்கிறது. அதில் பணம் குறைந்தால் வங்கியின் மேல் வழக்கு நிற்காது.

கடன் அட்டையில் இணையத்தில் பொருள் வாங்கி, பொருள் வராமல் போனது வேறு வகை. அதில் குற்றவாளி விற்பனையாளர். அட்டை கொடுத்த வங்கியிடம் பணத்தைத் திரும்பப் பிடிக்கச் சொல்லும் ‘சார்ஜ்பேக்’ வழி இருக்கிறது. அதற்குக் கால வரம்பு உண்டு, மாதக்கணக்கில் தள்ளினால் போய்விடும். விற்பனையாளர் மீது பயனீட்டாளர் கோரிக்கை நடுவர் மன்றத்தில் 50,000 ரிங்கிட் வரை கேட்கலாம். மனுக் கட்டணம் 5 ரிங்கிட்.

காசோலையில் கையெழுத்துப் போலி என்றால் 1949ஆம் ஆண்டின் மாற்றுச்சீட்டுச் சட்டம் வாடிக்கையாளருக்குப் பலமானது. 24ஆவது பிரிவின்படி போலிக் கையெழுத்துக்கு மதிப்பே இல்லை. உங்கள் உத்தரவு இல்லாமல் வங்கி தன் பணத்தைக் கொடுத்ததாகத்தான் கணக்கு. இதற்கு ஒரு விதிவிலக்காகப் பின்னர் 73ஏ பிரிவு சேர்ந்தது. போலிக்கு நீங்கள் தெரிந்தோ கவனக்குறைவாலோ துணைபோயிருந்தால், வங்கி நல்லெண்ணத்தில் பணம் கொடுத்திருக்குமானால், அது உங்கள் கையெழுத்தாகவே கருதப்படும். சிறு கடை வைத்திருப்பவர்கள் காசோலைப் புத்தகத்தை மேசை மேல் வைத்துவிட்டுக் கணக்குப்பிள்ளையிடம் கடையை விட்டுப் போவது இந்தப் பிரிவுக்குத் தீனி.

பேங்க் நெகாரா என்ன செய்யும், என்ன செய்யாது

‘பேங்க் நெகாராவுக்கு எழுதிப் போட்டுடுவேன்’ என்பது நாம் எல்லாரும் சொல்லும் மிரட்டல். எழுதலாம். 1-300-88-5465 என்ற எண்ணில் அழைக்கலாம், இணையப் படிவமும் இருக்கிறது. வங்கி பதில் சொல்லாமல் இழுத்தடிக்கிறது, விதிமீறுகிறது, ஊழியர் தவறாக நடந்தார் என்றால் பேங்க் நெகாரா கேட்கும். வங்கிகள் அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லியாக வேண்டும்.

ஆனால் அது உங்களுக்கும் வங்கிக்கும் இடையில் நீதிபதியாக உட்கார்ந்து ‘இவருக்கு 8,000 ரிங்கிட் கொடு’ என்று தீர்ப்பு எழுதாது. அது வங்கிகளைக் கண்காணிக்கும் அமைப்பு. இழப்பீடு தீர்மானிப்பது வேறு இடத்தின் வேலை. பேங்க் நெகாராவின் பதிலுக்காகக் காத்திருந்து அந்த ஆறு மாதத்தைத் தவறவிடாதீர்கள்.

இலவசமாகத் தீர்ப்புக் கிடைக்கும் இடம்

அந்த வேறு இடத்தின் பெயர் நிதிச் சந்தைகள் குறைதீர்ப்புச் சேவை. எஃப்எம்ஓஎஸ் என்று சுருக்கமாகச் சொல்கிறார்கள். பெயர் புதிது, அமைப்பு பழையது. 2005இல் நிதிச் சமரசக் கழகமாகத் தொடங்கியது. 2013ஆம் ஆண்டின் நிதிச் சேவைச் சட்டமும் இஸ்லாமிய நிதிச் சேவைச் சட்டமும் சட்ட அடிப்படை கொடுக்க, 2016 அக்டோபரில் நிதிச் சேவை ஒம்புட்ஸ்மேன் ஆனது. பங்குச் சந்தைத் தகராறுகளைப் பார்த்துவந்த அமைப்புடன் இணைந்து 2025 ஜனவரி 1 முதல் இந்தப் பெயரில் இயங்குகிறது. பழைய கடிதங்களில் ஓஎஃப்எஸ் என்று இருந்தால் குழம்ப வேண்டாம்.

வங்கிகள், இஸ்லாமிய வங்கிகள், காப்புறுதி, தக்காஃபுல் நிறுவனங்கள் இதில் உறுப்பினர்கள். நம்மவர்கள் அதிகம் கணக்கு வைத்திருக்கும் பேங்க் சிம்பானான் நேஷனல், பேங்க் ராக்யாட், அக்ரோபேங்க் போன்றவையும் இதன் கீழ் வருகின்றன. தனிநபர் மட்டுமல்ல, சிறு வியாபாரிகளும் போகலாம். கடனுக்குப் பிணை நின்றவரும் போகலாம் என்பது பலருக்குச் செய்தியாக இருக்கும்.

வாடிக்கையாளருக்குக் கட்டணம் கிடையாது. வழக்கறிஞரும் தேவையில்லை. வங்கியின் இறுதி முடிவு வந்த நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் புகார் போய்ச் சேர வேண்டும். நேரடிப் பண இழப்பு 250,000 ரிங்கிட் வரை கேட்கலாம். ஆனால் இணைய வங்கி, ஏடிஎம், காசோலை வழியாக அனுமதியின்றிப் போன பணத்துக்கு இதைவிடக் குறைந்த தனி உச்சவரம்பு வைத்திருக்கிறார்கள். 2016இல் அமைப்பு தொடங்கியபோது அது 25,000 ரிங்கிட். மோசடியில் பெரிய தொகை இழந்தவர்கள் மனுப் போடும் முன் 03-2272 2811 என்ற எண்ணில் அப்போதைய வரம்பைக் கேட்டுக்கொள்வது நல்லது.

(250,000 என்ற எண்ணைப் பார்த்ததும் சிலர் வைப்புத்தொகைக் காப்புறுதி நிறுவனமான பிடிமை நினைக்கிறார்கள். அதுவும் 250,000 ரிங்கிட்தான், ஆனால் அது வங்கியே மூழ்கிப்போனால் கிடைக்கும் பாதுகாப்பு. மோசடியில் போன பணத்துக்கும் பிடிமுக்கும் சம்பந்தமில்லை.)

இங்கே வழக்கு இரண்டு கட்டமாக நடக்கிறது. முதலில் ஒரு வழக்கு அதிகாரி இருதரப்பின் ஆவணங்களையும் வாங்கி, பேசிச் சமரசத்துக்கு முயல்கிறார். முடியாவிட்டால் தன் பரிந்துரையை எழுதுகிறார். அதை ஏதாவது ஒரு தரப்பு ஏற்காவிட்டால் ஒம்புட்ஸ்மேனிடம் போகிறது. அவர் தருவது இறுதி முடிவு. இதில் ஒரு நல்ல அம்சம், அந்த முடிவை நீங்கள் ஏற்றுக்கொண்டால் வங்கி அதற்குக் கட்டுப்பட்டே ஆக வேண்டும். நீங்கள் ஏற்காவிட்டால் அது உங்களைக் கட்டுப்படுத்தாது, நீதிமன்றம் போகும் உரிமை அப்படியே இருக்கிறது. தராசு வாடிக்கையாளர் பக்கம் கொஞ்சம் சாய்ந்திருக்கும் இடம் இது ஒன்றுதான். அதனால்தான் முதலில் வழக்கறிஞரிடம் ஓடாமல் இங்கே போகச் சொல்கிறோம். வழக்கு ஏற்கனவே நீதிமன்றத்தில் இருந்தால் எஃப்எம்ஓஎஸ் அதை எடுக்காது. வரிசை மாறிப் போகக்கூடாது.

மன உளைச்சலுக்கு இவ்வளவு, வேலைக்குப் போகாத நாளுக்கு இவ்வளவு என்றெல்லாம் இங்கே கேட்டால் எடுபடாது. பார்ப்பது நேரடிப் பண இழப்பு. வங்கி உங்களுக்குக் கடன் தர மறுத்தது, வட்டி அதிகம், தவணையை மாற்றித் தரவில்லை என்பவையும் வங்கியின் வணிக முடிவுகள். அவற்றில் தலையிட மாட்டார்கள்.

மனுவைச் சுருக்கமாக எழுதுங்கள். கோபத்தை நான்கு பக்கம் எழுதுவதைவிட, நேரமும் தொகையும் போட்ட ஒரு பக்கப் பட்டியல் அதிகம் பேசும். வங்கிக் கடிதம், போலீஸ் புகார், கணக்கு அறிக்கை, குறுஞ்செய்திப் படங்கள் ஆகியவற்றின் நகலை மட்டும் அனுப்புங்கள். மூலத்தை யாரிடமும் கொடுக்க வேண்டாம்.

இடையில் வங்கி ‘நல்லெண்ணத் தொகை’ என்று ஒரு பகுதியைத் தர முன்வரலாம். 12,000 போனதற்கு 3,000 என்பதுபோல. கூடவே வரும் படிவத்தில் ‘முழுமையான, இறுதித் தீர்வாக’ ஏற்கிறேன் என்ற வாசகம் இருக்கிறதா என்று பாருங்கள். கையெழுத்திட்டால் மிச்சத்தைக் கேட்கும் வழி பெரும்பாலும் அடைபட்டுவிடும். வாங்குவதே புத்திசாலித்தனமாக இருக்கும் வழக்குகளும் உண்டு, முக்கியமாக டேக் எண்ணை நாமே வாசித்துக் கொடுத்த வழக்குகளில். கையெழுத்து என்ன என்று தெரிந்து போடுங்கள், அவ்வளவுதான்.

நீதிமன்றம்

5,000 ரிங்கிட்டுக்கு மேற்படாத தொகை என்றால் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் சிறு கோரிக்கை வழக்கு. படிவம் 198ஐ நிரப்பித் தாக்கல் செய்ய வேண்டும். மனுதாரர் தனிநபராக இருக்க வேண்டும், வழக்கறிஞர் வைக்க வேண்டியதில்லை. அந்த நடைமுறையே வழக்கறிஞர் இல்லாமல் நடப்பதற்காக வைத்தது. வங்கியின் சட்டபூர்வப் பெயரையும் பதிவு முகவரியையும் சரியாக எழுதுங்கள். கிளை மேலாளர் மீது கோபம் இருந்தாலும் வழக்கு வங்கியின் மீதுதான்.

அதற்கு மேல், 100,000 ரிங்கிட் வரை மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தின் வழக்கமான சிவில் வழக்கு. பத்து லட்சம் ரிங்கிட் வரை செஷன்ஸ் நீதிமன்றம், அதற்கு மேல் உயர்நீதிமன்றம். இங்கே வழக்கறிஞர் இல்லாமல் வங்கியை எதிர்கொள்வது கஷ்டம். தோற்றால் எதிர்த்தரப்பின் செலவுத்தொகையில் ஒரு பங்கைக் கட்டச் சொல்லலாம். 9,000 ரிங்கிட்டுக்காக 7,000 ரிங்கிட் வழக்கறிஞர் கட்டணம் என்றால் கணக்குப் போட்டுப் பாருங்கள்.

தீபகற்ப மலேசியாவில் ஒப்பந்த மீறலுக்கும் கவனக்குறைவுக்கும் வழக்குத் தொடுக்க 1953ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டப்படி ஆறு ஆண்டு அவகாசம். எண்ணிக்கை வழக்குக்கான காரணம் உண்டான நாளிலிருந்து, வங்கியின் கடிதத் தேதியிலிருந்து அல்ல. சபா, சரவாக்கில் தனிச் சட்டங்கள் உண்டு, அங்குள்ளவர்கள் தனியாகக் கேட்டுக்கொள்ள வேண்டும்.

வங்கி வழக்குகளில் எப்போதும் முன்னால் வரும் கேடயம், கணக்குத் திறக்கும்போது நாம் படிக்காமல் கையெழுத்திட்ட நிபந்தனைகள். ‘எந்த இழப்புக்கும் வங்கி பொறுப்பல்ல’ என்று ஒரு வாசகம் அதில் கட்டாயம் இருக்கும். அதைக் கண்டு பயந்து பின்வாங்குபவர்களுக்காகவே இதைச் சொல்ல வேண்டும்.

ஒரு தம்பதி வீட்டுக் கடன் எடுத்திருந்தனர். கட்டுமான நிறுவனத்துக்குக் கட்டங்கட்டமாகச் செலுத்த வேண்டிய தொகையில் ஒன்றை வங்கி செலுத்தாமல் விட்டது. நிறுவனம் விற்பனை ஒப்பந்தத்தையே ரத்து செய்தது. வழக்கு வந்தபோது, எந்த நஷ்டத்துக்கும் வங்கியைக் கேட்க முடியாது என்ற ஒப்பந்த வாசகத்தை வங்கி காட்டியது. 2018 இறுதியில் கூட்டரசு நீதிமன்றம் அந்த வாசகம் செல்லாது என்றது. நீதிமன்றம் மூலம் உரிமையை நிலைநாட்டுவதை அடியோடு தடுக்கும் ஒப்பந்தம் 1950ஆம் ஆண்டின் ஒப்பந்தச் சட்டம் 29ஆவது பிரிவின்படி செல்லாது என்பது காரணம். அந்தத் தீர்ப்புக்குப் பிறகு ‘வாசகம் இருக்கிறது, ஆகவே முடிந்தது’ என்று எந்த வங்கியும் சுலபமாகச் சொல்ல முடியாது. இதோடு 1999ஆம் ஆண்டின் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தில் நியாயமற்ற ஒப்பந்த வாசகங்களைப் பற்றித் தனிப் பகுதி பின்னர் சேர்க்கப்பட்டிருக்கிறது. எல்லா வாசகமும் விழுந்துவிடும் என்று அர்த்தமில்லை. அச்சில் இருப்பதாலேயே அது சட்டமாகிவிடாது, அவ்வளவே.

கடன் தகராறு என்றால் தவணையை நிறுத்தாதீர்கள்

வங்கி கூடுதல் வட்டி போட்டுவிட்டது, கட்டிய தவணையைக் கணக்கில் சேர்க்கவில்லை என்ற புகாரில் இருப்பவர்கள் கோபத்தில் செய்யும் பெரிய தவறு, கட்டுவதை நிறுத்துவது. புகார் நிலுவையில் இருப்பதால் தவணை தள்ளிப்போகாது. நீங்கள் நிறுத்தினால் வழக்கு தலைகீழாகிறது. புகார்தாரராக இருந்த நீங்கள் கடன் பாக்கிதாரர் ஆகிறீர்கள். மத்தியக் கடன் தகவல் பதிவான சிசிரிஸில் பாக்கி ஏறும். வீட்டுக் கடன் என்றால் ஏலம் வரை போகும். ‘எதிர்ப்புத் தெரிவித்துக் கட்டுகிறேன்’ என்று எழுத்தில் சொல்லிவிட்டுக் கட்டுங்கள்.

கட்டவே முடியாத நிலை என்றால் ஏகேபிகே என்கிற கடன் ஆலோசனை நிறுவனத்துக்குப் போங்கள். பேங்க் நெகாரா 2006இல் தொடங்கியது, சேவை இலவசம். பல வங்கிக் கடன்களைச் சேர்த்து ஒரே தவணையாக மாற்றித் தர வங்கிகளோடு பேசுவார்கள். திவால் வழக்குக்கான குறைந்தபட்சக் கடன் இப்போது 100,000 ரிங்கிட் என்பதையும் தெரிந்து வைத்திருங்கள். சிறிய தொகைக்கு ‘திவாலாக்கிவிடுவேன்’ என்று மிரட்டும் வசூல்காரர்களுக்கு அதுவே பதில்.

இந்த வழி எதற்குப் பொருந்தாது

கூட்டுறவுச் சங்கத்தில் போட்ட பணம் என்றால் எஃப்எம்ஓஎஸ் அல்ல, மலேசியக் கூட்டுறவு ஆணையம். உரிமம் பெற்ற வட்டிக்கடை, அடகுக்கடை என்றால் வீடமைப்பு, ஊராட்சி அமைச்சு. வங்கி நடத்தும் அர்-ரஹ்னு நகை அடகு மட்டும் வங்கி வழியிலேயே வரும். ஆலோங் என்றால் போலீஸ்தான்.

கணக்கையே முடக்கிவிட்டார்கள் என்று சிலர் வருகிறார்கள். விசாரித்தால், மகன் தன் ஏடிஎம் அட்டையை 300 வெள்ளிக்கு யாருக்கோ ‘வாடகைக்கு’ விட்டிருப்பான். மோசடிக் கும்பலுக்குக் கணக்கைக் கொடுப்பதைத் தனிக் குற்றமாக்கி 2024இல் தண்டனைச் சட்டம் திருத்தப்பட்டது. போலீஸ் விசாரணைக்காக முடக்கிய கணக்கை வங்கியின் மேல் புகார் கொடுத்துத் திறக்க முடியாது. விசாரணை அதிகாரியைப் பார்க்க வேண்டும். அதற்கு முன் வழக்கறிஞரைப் பார்ப்பது உத்தமம்.

பணம் இப்போதுதான் போனது என்றால் இந்தக் கட்டுரையைப் பிறகு படிக்கலாம். உடனே வங்கியின் மோசடிப் புகார் எண்ணுக்கோ தேசிய மோசடி மறுமொழி மையத்தின் 997க்கோ அழையுங்கள். பிறகு போலீஸ் புகார். பின்னால் வரும் எல்லா வழக்கிலும் வங்கி முதலில் கேட்பது ‘எத்தனை மணிக்கு எங்களிடம் சொன்னீர்கள்’ என்பதுதான்.

யாரிடம் உதவி கேட்பது

வருமானம் குறைந்தவர்கள் சட்ட உதவி இலாகாவிலும், வழக்கறிஞர் மன்றம் மாநிலந்தோறும் நடத்தும் சட்ட உதவி மையங்களிலும் ஆலோசனை கேட்கலாம். இரண்டிலும் வருமானச் சோதனை உண்டு, சம்பளச் சீட்டையோ ஓய்வூதிய விவரத்தையோ எடுத்துப் போங்கள். தேசியச் சட்ட உதவி அறவாரியம் குற்றவியல் வழக்குகளுக்கானது, வங்கித் தகராறுக்கு அங்கே அலைய வேண்டாம். பினாங்கு பயனீட்டாளர் சங்கத்தில் தமிழில் பேசிக் கடிதம் எழுத உதவி பெறலாம். தேசியப் பயனீட்டாளர் புகார் மையமும் இருக்கிறது.

‘வங்கியிலிருந்து உங்கள் பணத்தை மீட்டுத் தருகிறோம், முன்பணம் 500 கட்டுங்கள்’ என்று முகநூலில் வருபவர்கள், ஏற்கனவே ஏமாந்தவர்களின் பட்டியலை வைத்துக்கொண்டு இரண்டாவது முறை ஏமாற்றுபவர்கள். எஃப்எம்ஓஎஸ், பேங்க் நெகாரா, ஏகேபிகே எதுவும் உங்களிடம் பணம் கேட்காது, முகவர் வைத்து வேலை செய்யாது. ‘அந்த ஆபீசில் எனக்கு ஆள் இருக்கு’ என்று சொல்பவர் உறவினராகவே இருந்தாலும், மனுவை நீங்களே உங்கள் பெயரில், உங்கள் தொலைபேசி எண்ணில் அனுப்புங்கள். பதில் வேறு யாருடைய எண்ணுக்கும் போகக் கூடாது.